நாலுக்கு நாலு

போன மாதம் சம்பளம் கொடுத்த மறுநாள், துணி மடித்துக்கொண்டே என் மூத்த மருமகள் எனக்குச் சொன்னது இது. அட்டைப்பெட்டி செய்கிற ஒரு கம்பெனியில் சம்பளக் கணக்கு எழுதுகிறாள். என் மகனுக்கு வேலை போய் ஐந்து மாதம் ஆகிறது. அவள் சம்பளத்தில்தான் வீடு ஓடுகிறது.

அங்கே பெட்டி ஒட்டுகிற பிரிவில் ஒரு அக்கா. வாய் கொஞ்சம் நீளம். அதற்கு முந்தைய சம்பளத்தன்று சம்பளச் சீட்டைத் தூக்கிக்கொண்டு ஆபீஸ் ஜன்னலுக்கு வந்துவிட்டாள்.

"ஏம்மா, வெள்ளிக்கிழமை நாலு மணி நேரம் கூட நின்னேனே, ஓவர்டைம் எங்கே? பசை தடவி உள்ளே ஒட்டிட்டியா?"

"அக்கா, புதன்கிழமை நீங்க அரைநாள் வரலை. அது நாலு மணி நேரம். வெள்ளிக்கிழமை கூட நின்னது நாலு. நாலுக்கு நாலு சரியாப் போச்சு. அதான் அரைநாள் சம்பளத்தையும் பிடிக்கலையே!"

"பிடிச்சுக்கோயேன், யார் வேணாம்னா? மாமியாருக்குக் கண் ஆபரேஷன், போனேன். அது என் லீவு. ஆனா வெள்ளிக்கிழமை எட்டு மணி நேரம் முடிச்சு, அதுக்கு மேலதானே நின்னேன்? எட்டுக்கு மேல நின்னா ரெட்டைச் சம்பளம்னு சட்டமே இருக்காம். அப்போ நாலு மணி நேரம் நின்னா எட்டுக்குக் காசு. அதுல வராத நாலைக் கழி. மீதி நாலு எனக்கு வரணுமா, வேணாமா?"

மருமகள் வருகைப் பதிவேட்டைப் புரட்டினாள். இரண்டு வருஷமாக இப்படித்தான் எழுதுகிறாள். சேர்ந்த அன்றைக்கு மேனேஜர் சொல்லிக்கொடுத்த கணக்கு.

"வாரத்துக்கு நாற்பத்தெட்டு மணி தாண்டினாத்தான் அக்கா..." என்று இழுத்தாள்.

"நல்லா இருக்கே! ஒரு நாள் அரைநாள் போட்டுட்டா, மறுநாள் இடுப்பு ஒடிய நின்னாலும் ஓசியா?"

சத்தம் கேட்டு மேனேஜர் வந்துவிட்டார். அவருக்கு அங்கே எல்லோரும் வைத்திருக்கிற பெயர் சிடுமூஞ்சி.

"என்ன இது, சந்தைக்கடையா?"

சீட்டை வாங்கி மேலும் கீழும் பார்த்தார். மடித்துத் தன் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

"சார், என் சீட்டு..."

"போய் வேலையைப் பாருங்கன்னா பாருங்க."

சாப்பாட்டு நேரம் முழுக்க அக்காவுக்கு அதே பேச்சுதான். "காசுதான் தரலை. காகிதத்தையும் பிடுங்கிக்கிட்டாரே மனுஷன்! நல்லா இருப்பாரா?"

என் மருமகளும் அப்படித்தான் நினைத்திருக்கிறாள்.

பதினைந்து நாள் கழித்து, தொழிலாளர் அலுவலகத்திலிருந்து முத்திரை குத்திய உறை ஒன்று வந்தது. மேனேஜர் பிரித்துப் படித்தார். என் மருமகளையும் அந்த அக்காவையும் கூப்பிட்டனுப்பினார்.

உறையைப் பார்த்ததுமே மருமகளுக்குப் பயம் வந்துவிட்டது. இரண்டு வருஷத்துச் சம்பளப் பட்டியலிலும் அவள் கையெழுத்து. தப்பு என்றால் முதலில் போவது அவள் வேலைதானே? அன்று காலையில் நான் சாமி கும்பிட்டபோது கேட்டதெல்லாம் மகனுக்கு ஒரு வேலை. இவள் வேலையே ஆட்டம் கண்டது எனக்கு எங்கே தெரியும்!

கதவுக்கு வெளியே அந்த அக்கா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "கண்ணு, சத்தியமா நான் எழுதிப் போடலை. நான் வாயால கத்துவேனே தவிர, உன் வயித்துல அடிக்க மாட்டேன்."

உள்ளே போனார்கள். மேனேஜர் கடிதத்தை நீட்டினார்.

"படிம்மா. சத்தமா."

மருமகள் படித்தாள். ஒரு நாளில் எட்டு மணி நேரத்துக்கு மேல் செய்த வேலையை அந்த நாளின் ஓவர்டைமாகவே எடுத்துக்கொள்ள வேண்டும்; வேறொரு நாள் வராத நேரத்தோடு அதை நேர்செய்யக் கூடாது.

"நான் அன்னிக்கே தலையால அடிச்சுக்கிட்டேனே..." என்று ஆரம்பித்தாள் அக்கா.

"கொஞ்சம் சும்மா இருக்கீங்களா?" என்று எரிந்து விழுந்தார். பிறகு மருமகள் பக்கம் திரும்பினார். "இப்படி விட்டுப்போனவங்க எத்தனை பேர் இருப்பாங்க?"

"நான் எழுதின ரெண்டு வருஷத்துலயா சார்?"

"நீ வந்ததுல இருந்து எதுக்கு? நான் வந்ததுல இருந்து எடு. ஒன்பது வருஷம். முதலாளிகிட்ட சொல்லிட்டேன். குதிச்சார். குதிக்கட்டும். அடுத்த சம்பளத்தோட எல்லாருக்கும் போயிடணும்."

அப்போதுதான் இவளுக்கு மூச்சே வந்தது. வந்த மூச்சோடு சும்மா இருக்கலாம் இல்லையா? கேட்டுவிட்டாள்.

"சார்... புகார் கொடுத்தது யாருன்னு தெரிஞ்சுதா?"

"புகாரா? பின்னால ஒரு தாள் குத்தியிருக்கு பாரு."

அந்த அக்காவின் சம்பளச் சீட்டு. அதோடு கையால் எழுதின ஒரு கடிதத்தின் நகல். மருமகள் அதை எனக்கு வரி பிசகாமல் சொன்னாள்.

'எங்கள் தொழிலாளி ஒருவர் கேட்ட கேள்விக்கு எனக்குப் பதில் தெரியவில்லை. அவருடைய சீட்டை இணைத்துள்ளேன். கணக்கு தவறு என்றால் அது என் தவறு. சம்பளம் எழுதும் பெண் நான் சொல்லிக்கொடுத்தபடிதான் எழுதினாள். அவள் மீது குற்றம் இல்லை.'

கீழே, சிடுமூஞ்சியின் கையெழுத்து.

உங்களிடம் நான் கேட்பது ஒன்றே ஒன்றுதான். உங்கள் வீட்டில் யாராவது வேலைக்குப் போனால், அரைநாள் லீவு போட்ட வாரத்தின் கணக்கை மட்டும் ஒரு தடவை எடுத்துப் பாருங்கள்.