மேலே விட்ட இடம்

ஐந்து முனைப் பேனாவை மையில் தோய்த்துத் தாளின் குறுக்கே இழுக்கிறேன். ஒரே இழுப்பில், இசைக்குறிப்பு எழுத ஐந்து கோடுகள். இருபத்தேழு வருஷமாக என் கணவர் ஆம்ப்ரோஸின் இசையெல்லாம் நான் போட்ட கோடுகளின் மேல்தான் ஏறி உட்கார்ந்திருக்கிறது. ஜன்னலுக்கு வெளியே மால்வர்ன் குன்றை மழை மறைக்கிறது. பியானோவில் ஒரே துண்டைத் திரும்பத் திரும்ப வாசிக்கும் ஆம்ப்ரோஸின் காதுமடல் சிவந்திருக்கிறது. "ஹெஸ்டர், முதல் தாள்ல மேல கொஞ்சம் இடம் விடும்மா. சமர்ப்பணம் எழுதணும்." இதுவரை அவர் எதையும் யாருக்கும் சமர்ப்பித்ததில்லை. பேனா அந்தரத்தில் நிற்கிறது. "ரெண்டு விரல் அகலம் போதுமா?" "பத்தாது. அந்தப் பாடகி, மிஸ் ராசலிண்ட் ஃபேர்க்ளோ... பேரு நீளம்." மூன்று விரல் அகலம் விட்டு, அதற்குக் கீழே இழுக்கிறேன். ஐந்தும் நேராகவே வருகின்றன. கை நடுங்கவில்லையே என்றுதான் எனக்கு எரிகிறது.