ராஜிக்கு ஒரு சேலை

“அந்த ரூமு முழுசும் எங்கண்ணனுக்கே இருக்கட்டும் சார். எனக்கு ஒரு சேலை மட்டும் எடுத்துத் தரணும். அதை ராஜிக் காயிதத்துல எழுதிருங்க.”

பேராச்சி இப்படிச் சொன்னதும் அவளுடைய வக்கீல் கோமதிநாயகம் பேனாவை மூடிவிட்டார்.

“ஏம்மா, கீழ்க்கோர்ட்ல தோத்தாலும் அப்பீல்ல உங்க பக்கம்தான் பலமா இருக்கு. பொண்ணுக்கும் பங்குண்டுன்னு சட்டமே வந்தாச்சு. தாராவியில பாதி ரூமை விட்டுட்டு யாராவது சேலை கேப்பாளா?”

“நான் கேக்கேன் சார்.”

எதிர் பெஞ்சில் இருந்த அண்ணன் பூலோகத்துக்கு ஒன்றும் ஓடவில்லை. அப்பா விட்டுப்போன ஒற்றை அறைக்காகத் தங்கை கோர்ட் ஏறிய அன்றே, ‘உன் வீட்டு நல்லது பொல்லதுக்கு இனி வரமாட்டேன்’ என்று சந்தே கேட்கக் கத்தியவன் அவன். சொன்ன சொல் காப்பதில் அரிச்சந்திரன், வீம்புக்கு மட்டும். அவள் புருஷனுக்கு மில்லில் கை நசுங்கியபோதுகூட எட்டிப் பார்க்கவில்லை.

எங்கே மனசு மாறிவிடுவாளோ என்று முதல் ஆளாகச் சமரச ராஜிப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டான். சேலை என்ற வரியைப் படித்த ஜட்ஜ், கண்ணாடிக்கு மேலாக இருவரையும் ஒரு பார்வை பார்த்துவிட்டு அப்பீலை முடித்துவைத்தார்.

வராந்தாவுக்கு வந்த பிறகுதான் பூலோகம் தங்கையை நேராகப் பார்த்தான். துரும்பாக இளைத்திருந்தாள். எல்லாம் இந்தக் கேஸ் அலைச்சல்தான் என்று அவனுக்குப் பாவமாக இருந்தது.

“சாய் குடிக்கியாட்டி?”

“வேண்டாம்ண்ணே. எறங்காது.”

சட்டென்று அவனுக்குப் பொறி தட்டியது. தங்கை மகள் பூமாரிக்குப் பன்னிரண்டு வயசாகிறதே.

“ஏட்டி, பூமாரி பெரிய மனுசியாயிட்டாளா? தாய்மாமன் சேலைக்குத்தானா இந்தப் பாடு?”

பேராச்சி லேசாகச் சிரித்தாள். பூலோகத்துக்குக் கண் கலங்கிவிட்டது. இத்தனை வருஷ வைராக்கியமும் எங்கே போனதென்று தெரியவில்லை.

“இதை வாயைத் தொறந்து கேட்டா நான் வரமாட்டேனா, கழுத. நாளைக்கே மாட்டுங்கா போயி நல்ல பட்டா எடுத்துட்டு வாரேன்.”

“பட்டு வேண்டாம்ண்ணே, நூல் சேலை போதும். நாளைக்கும் வேண்டாம். அவுக ஆள் அனுப்புவாக, அன்னைக்கு நீயே உன் கையால கொண்டு வரணும். வரமாட்டேன்னு நீ சொல்லியிருந்தேல்லா, அதான் கோர்ட்டுல எழுதி வாங்குனேன்.”

அவள் மூச்சு வாங்கப் பெஞ்சில் உட்கார்ந்தாள்.

“சேலை பூமாரிக்கு இல்லண்ணே. ஆசுபத்திரியில கைய விரிச்சிட்டாக. பொறந்த வீட்டுக் கோடிச் சேலை போத்தாம என்னைய எடுத்துறக் கூடாதுல்லா.”