நண்பகலில் வந்தவர்

பாலைவனத்து உழைப்பு முகாமில் பல ஆண்டுகள் கிடந்துவிட்டு சீனாவின் லான்சோ நகருக்குத் திரும்பிய எழுத்தாளர் பெய் யுவான், தன் சிறை நினைவுகளை எழுதத் தொடங்கினார். எழுதியதை மனைவி யின்லானுக்கு வாசித்துக் காட்டுவார்.

அன்று வாசித்தது முகாமில் பஞ்சம் வந்த குளிர்காலத்தைப் பற்றி. வாய்க்கால் வெட்டும் இடத்தில் மதியவேளை வந்தால் கண்ணை மூடிக்கொள்வார். வீட்டுச் சமையலறையில், அடுப்பையொட்டிய முக்காலியில் உட்கார்ந்து குளிர் காய்வதாக நினைத்துக்கொள்வார். அந்த நினைப்பில்தான் உயிர் தங்கியது.

"நெனப்பு இல்ல, நீங்க வந்தீங்க," என்றாள் யின்லான், மாவைப் பிசைந்தபடியே. "காலெல்லாம் உப்பு மண்ணு. நான்பாட்டுக்குப் பேசிக்கிட்டிருப்பேன். நூடுல்ஸ் வெச்சா மட்டும் தொடமாட்டீங்க."

"இத ஏன் இத்தன நாளா சொல்லல?"

"வெளிய தெரிஞ்சா என்னையும் பிடிச்சிட்டுப் போயிருப்பாங்க. அப்புறம் நீங்க யாரப் பாக்க வருவீங்க?"

"நான் வீடு திரும்பினப்புறம்?"

அவள் கை நின்றது. "நீங்க உள்ள எழுதிக்கிட்டிருப்பீங்க. அந்த உப்பு மண்ணு காலோட அவர் இங்க வருவார். நேத்துகூட வந்தார்."

மறுநாள் மதியம் பெய் எழுதவில்லை. கிண்ணம் நிறைய நூடுல்ஸை எடுத்துவந்து முக்காலிக்கு முன்னால் வைத்தார். அங்கே யாரும் அவர் கண்ணுக்குத் தெரியவில்லை.

"சாப்பிடுப்பா. இங்க யாரும் பிடுங்கிக்க மாட்டாங்க," என்றார். குடிக்கத் தண்ணீர் எடுக்கத் திரும்பினார். மறுபடி பார்த்தபோது கிண்ணம் வழித்துத் துடைத்ததுபோல் காலியாக இருந்தது.

முகாமிலிருந்து வந்துகொண்டிருந்தவர் அதற்குப் பிறகு வரவேயில்லை. மதியமானால் யின்லான் வாசல் கதவைத் திறந்துவைத்து, கணவர் பக்கத்தில் இருக்கும்போதே, தெருவைப் பார்த்தபடி நிற்பாள்.