பீங்கான் முட்டை

மின்கம்பம் சாயாமல் இழுத்துப் பிடிக்கும் ஸ்டே கம்பியின் நடுவே பீங்கான் முட்டை ஒன்றைக் கோத்திருப்பார்கள். மேலே மின்சாரம் கசிந்தாலும் அந்த முட்டையைத் தாண்டிக் கீழே இறங்காது. நேற்று அந்தக் கம்பியில் மாட்டைக் கட்டப்போன வேலாயுதம் ஷாக் அடித்து இறந்துபோனார். இன்று துருப்பிடித்த கம்பியில் முட்டை மட்டும் பளபளத்தது.

"இது எப்பவும் இருக்கிறதுதாம்மா. உங்க வீட்டுக்காரர் கம்பத்துல ஏறித்தான் ஷாக் அடிச்சுச்சுன்னு கையெழுத்துப் போடுங்க," என்றார் மின்வாரியப் பொறியாளர்.

வேலாயுதத்தின் மனைவி பூரணி அண்ணாந்து பார்த்தாள். "எப்பவும் இருக்கிறதுல ஒரு காக்கா எச்சம்கூட இல்லியே சார்?"

"மழை கழுவியிருக்கும்."

"எந்த ஊரு மழை சார்? முட்டைக்குக் கீழ ஒரு தடவை பிடிங்க. அப்புறம் கையெழுத்துப் போடுறேன்."

பொறியாளர் கையை நீட்டினார். பிறகு உடன் வந்திருந்த லைன்மேன் பக்கம் சாய்ந்து மெல்லக் கேட்டார்: "லைன் ஆஃப்லதானேய்யா இருக்கு?"