விழுந்த மண் யாருக்கு?

"அம்மா, மதிலு விழுந்தா அந்த மண்ணு யாருக்கு?"

தங்கபாயின் மகள் ஜெஸ்லின் ஒரு மழைக்காலைப் பொழுதில் கேட்ட இந்தக் கேள்வி, கரமனைத் தெருவையே இரண்டாக்கியது. மேல்வீட்டு முத்தாரம்மாளின் மதில் இரவு மழையில் சரிந்து, அவள் தோட்டத்து மண்ணெல்லாம் கீழே தங்கபாயின் முற்றத்தில் குவிந்து கிடந்தது.

"அக்கா, ஒங்க மண்ணை அள்ளிட்டுப் போங்க!"

"என் மண்ணா? ஒன் முத்தத்துல கெடக்குல்லா, அது ஒன் மண்ணு!"

முத்தாரம்மாள் தோட்டத்துப் பக்கம் போய்ப் பார்க்கக்கூட இல்லை. தெருவில் நின்றே சண்டை போட்டாள்.

கவுன்சிலர் ஹரிகுமார் குடையோடு வந்து, மலையாளம் கலந்த தமிழில் தீர்ப்புச் சொன்னார். "மண்ணு யாருக்கோ, அவங்கதான் அதை அள்ளி மதிலும் கெட்டணும், கேட்டோ."

"அப்போ மண்ணும் அதுல உள்ளதும் எல்லாம் அவளுக்குத்தான்! பிள்ளையார் மேல ஆணை!"

ஜெயித்த குஷியில் தோட்டத்துக்கு ஓடி எட்டிப் பார்த்த முத்தாரம்மாள் தலையில் கைவைத்தாள். அடுத்த வாரச் சதுர்த்திக்கு அதே பிள்ளையாருக்குக் குலை தருவதாகத் தெருவெல்லாம் சொல்லி வளர்த்த கதலிவாழை, நின்ற நிலையிலேயே குலையோடு தங்கபாயின் முற்றத்துக்குக் குடிபோயிருந்தது. இனி எந்த வாயால் கேட்பாள்?

சதுர்த்தியன்று விடியலில் கதவைத் திறந்தாள். ஒரு காய்கூடக் குறையாமல் கதலிக்குலை படியில் சாய்த்து வைக்கப்பட்டிருந்தது. கீழ்வீட்டில் யாரும் அதைப் பற்றி மூச்சுவிடவில்லை.

முத்தாரம்மாள் மதில் கட்டக் கொத்தனாருக்குச் சொல்லி அனுப்பினாள். ஞாயிற்றுக்கிழமை தங்கபாய் வீட்டார் சபைக்கு ஜெபத்துக்குப் போன பிறகு, சேலையை இழுத்துச் சொருகிக்கொண்டு, கூடையும் மண்வெட்டியுமாகக் கீழே இறங்கினாள்.