பச்சை ஓலைக்குள் பார்பி

ஓலைக் கீற்றுக்குள் வெளிச்சம் பச்சையாக இருந்தது.

அவள் மடியில் பார்பி. மாற்றுப் பாவாடைக்குள் சுருட்டி எடுத்து வந்திருந்தாள்.

வயதுக்கு வந்த அன்றே அம்மா சொல்லிவிட்டாள், இனிப் பொம்மை எதற்கு, அத்தை மகள் பூவிழிக்குக் கொடுத்துவிடலாம் என்று. அதனால்தான் இந்தத் திருட்டு. கொல்லையில் தாய்மாமன் கட்டிய இந்தக் குடிசைக்குள் இருப்பதை யாரும் தொட மாட்டார்கள்.

உளுந்தங்களி தின்பதும் தூங்குவதும்தான் வேலை. எது கனவு, எது மத்தியானம் என்று தெரியவில்லை. ஒரு கனவில் பார்பி விமானம் ஓட்டினாள். இன்னொன்றில் டாக்டராகிக் களிச்சட்டிக்கு நாடி பார்த்தாள்.

விழித்ததும் பார்பியை உற்றுப் பார்த்தாள்.

ஒட்டிய இடுப்பு. குதிகால் செருப்புக்கென்றே வளைந்த பாதம். பெட்டியைப் பிரித்த நாளிலேயே இவள் பெரிய மனுஷிதான். சிறுமியாக ஒருநாள்கூட இருந்ததில்லை.

யாரும் இவளைக் குடிசையில் உட்கார வைக்கவில்லை. பந்தல் இல்லை, சீர் இல்லை.

பாவமாக இருந்தது. கொஞ்சம் பொறாமையாகவும் இருந்தது.

தலைக்கு ஊற்றும் நாள் காலையில் மாமா தீப்பெட்டியோடு வந்தார். குடிசையையும் அதற்குள் புழங்கிய பாய், துணிகளையும் கொளுத்திவிட வேண்டுமாம். தீட்டுப் பட்டது எதுவும் வீட்டுக்குள் போகக் கூடாது. அவள்கூடத் தலையில் மஞ்சள் நீர் ஊற்றிய பிறகுதான் படியேற முடியும்.

இதை யாரும் அவளுக்கு முன்பே சொல்லவில்லை.

பார்பியை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வெளியே வந்தாள்.

மணையைச் சுற்றி நின்ற பெண்கள் திரும்பிப் பார்த்தார்கள். அம்மாவுக்கு முகம் சுண்டிப்போனது.

"அத உள்ளயே போட்டுட்டு வாடி."

அவள் போடவில்லை. அப்படியே மணையில் உட்கார்ந்தாள்.

செம்போடு நின்ற அத்தை குனிந்தாள். பூவிழிக்கென்று பேசிவைத்த பொம்மையை வெகுநேரம் பார்த்தாள்.

பிறகு அதை வாங்கி, மணையில் அவளுக்குப் பக்கத்தில் உட்கார வைத்தாள். கால் மடங்காமல் நீட்டிக்கொண்டு நின்றது.

"இவளுக்கும் இதுவரைக்கும் யாரும் ஊத்தலியே" என்றாள்.

முதல் செம்பு அவள் தலையில். அடுத்தது பார்பியின் தலையில்.

கூட்டத்தில் யாரோ ஒருத்தி சிரித்தாள். பிறகு, அதே பெண்தான், குலவை போட்டாள்.