பூதனையின் கடைசிப் பக்கம்

ஜீல் பால் டம்ளரைத் தள்ளிவிட்டாள்.

"ஆயா குடுத்தா எனக்கு வேணாம். அதுல விஷம் இருக்கும்."

ஐந்து வயது வாய். கென்யக்காரியான ஆயா அவூர் நீட்டிய கையை மடக்கவில்லை. தளும்பிய பால் அவள் மணிக்கட்டில் வழிந்து மேஜையில் சொட்டியது. பக்கத்திலேயே புத்தகம் திறந்தபடி கிடந்தது.

அந்தப் புத்தகம் ஜீலின் அம்மா ஹேதல் போட்டது.

நைரோபியில் பிறக்கும் குஜராத்திப் பிள்ளைகளிடம் கண்ணன் யார் என்று கேட்டால் பேந்தப் பேந்த விழிக்கிறார்கள். கோயிலில் நடக்கும் ஞாயிற்றுக்கிழமை வகுப்புக்குப் படக்கதைப் புத்தகம் வேண்டும் என்று முதலில் சொன்னவள் ஹேதல்தான். சொன்னவள் தலையிலேயே வேலையும் விழுந்தது. மழைக்காலம் முழுக்க உட்கார்ந்து வரைந்தாள், எழுதினாள். இன்று காலை வகுப்பில் எல்லாப் பிள்ளைகளுக்கும் ஒன்று கொடுத்தாயிற்று.

கண்ணன் அழகாகத்தான் வந்திருந்தான்.

பூதனைதான் இப்படி. தாதி வேஷம் போட்டுக் குழந்தைக் கண்ணனுக்கு விஷப்பால் கொடுக்க வந்த அரக்கி. கறுத்த முகம், தடித்த உதடு, சுருட்டை முடி. அரக்கி என்றதும் கை தானாக அப்படிப் போயிருந்தது. கார்மேக வண்ணனுக்கே நீலத்தைப் பூசியவள், கறுப்பை இவளுக்கென்று மிச்சம் வைத்திருக்கிறாள். கோயில் கமிட்டியில் ஒருவருக்கும் உறுத்தவில்லை. தத்ரூபம் என்று பாராட்டினார்கள்.

அவூர் புத்தகத்தைத் தன் பக்கம் திருப்பிப் பார்த்தாள்.

"மூக்கு என்னோடதுதான், ஜீல் அம்மா. காது மட்டும் எங்க அக்காவோடது."

அவள் சிரிக்கவில்லை. ஹேதலுக்கு அந்த இடத்திலேயே செத்துவிடலாம் போலிருந்தது.

"கடைசியில இவ என்ன ஆனா?"

"செத்துட்டா," என்றாள் ஜீல், குஷியாக. "கிருஷ்ணா பாலோட சேத்து அவ உயிரையும் உறிஞ்சிட்டான்."

"அவ்வளவுதானா கதை?"

கேள்வி ஜீலுக்கு. பார்வை ஹேதல் மேல்.

கதை அவ்வளவு இல்லை. விஷமே கொடுத்தாலும் பால் கொடுத்தவள் ஆயிற்றே என்று கண்ணன் பூதனைக்குத் தாயின் இடத்தைக் கொடுத்தான். அந்தப் பக்கத்தையும் ஹேதல் எழுதி வரைந்து வைத்திருந்தாள். அச்சுக்குப் போவதற்கு முன்னால் எடுத்துவிட்டாள். சின்னப் பிள்ளைகளுக்குப் புரியாது என்று கமிட்டியிடம் சொன்னாள்.

அவூர் டம்ளரை எடுத்துத் தானே ஒரு வாய் குடித்தாள். பிறகு மறுபடியும் நீட்டினாள்.

ஜீல் அம்மாவைப் பார்த்தாள்.

"ஆயா குடுக்கற பால நான் குடிக்கலாமாம்மா?"

குடி என்று ஒரு சொல் சொன்னால் போதும். ஹேதல் புத்தகத்தை எடுத்து மூடினாள்.

பிரசவம் முடிந்து அவள் ஜன்னி கண்டு கிடந்த நாட்களில், ஜீல் புட்டிப் பாலைக் கக்கிக் கக்கி வாடிப்போனாள். அவூர் அப்போதுதான் வேலைக்கு வந்திருந்தாள், தன் கைக்குழந்தையைச் சொந்த ஊரான கிசுமுவில் அக்காவிடம் விட்டுவிட்டு. ஒரு மதியம் ஹேதல் கண் விழித்துப் பார்த்தபோது, அந்தப் பிள்ளைக்குச் சுரந்த பாலை அவூர் மடியில் ஜீல் கண் மூடிக் குடித்துக்கொண்டிருந்தாள். காய்ச்சல் விட்டதும் ஹேதல் செய்த முதல் காரியம், இதை யாரிடமும் சொல்லக் கூடாது என்று அவூரிடம் சத்தியம் வாங்கியதுதான்.

டம்ளர் நீட்டியபடியே இருந்தது. அவூர் அந்தச் சத்தியத்தை இப்போதும் மீறவில்லை.